சுவாமியின் அப்பா

மைசூரில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்



1986ஆம் ஆண்டு தூர்தர்ஷனின் தேசிய ஒளிபரப்பில் 'மால்குடி டேய்ஸ்' தொடர் தொடங்கியது. ஆர். கே. லட்சுமணின் கோட்டோவியங்களும் எல். வைத்தியநாதனின் இசையும் வந்தாலே தெருவில் விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகள் வீட்டுக்குள் ஓடினார்கள். இந்தி தெரியாத தமிழ் வீடுகளிலும் அந்தத் தொடர் புரிந்தது. சுவாமிநாதன் என்ற பையன், பள்ளிக்கூடம் என்றால் வரும் வயிற்றுவலி, பாட்டியின் மடி, அப்பாவின் அலுவலக அறை. இவற்றுக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை. அந்த அலுவலக அறையின் கதவைத் திறந்துகொண்டு வந்த அப்பா, கிரீஷ் கர்னாட்.

கர்னாடை நாடகாசிரியர் என்று இலக்கிய வரலாறு எழுதி முடித்துவிட்டது. யயாதி 1961, துக்ளக் 1964, ஹயவதனா 1971, நாகமண்டலா 1988, தலெதண்ட 1990. ஞானபீட விருது 1998இல் கிடைத்தது. அவர் நடித்த பாத்திரங்களுக்கு அந்த வரலாற்றில் இரண்டு வரிகள்தான். அந்த இரண்டு வரிகளைப் பற்றியதே இந்தச் சொற்பொழிவு. நடிப்பு தனக்குச் சோறு போட்ட தொழில், எழுத்துதான் தன் வேலை என்று அவரே வெளிப்படையாகச் சொல்லிவந்தார். அவர் சொல்லிவிட்டார் என்பதற்காக நாமும் அதை அப்படியே ஏற்க வேண்டியதில்லை. நாற்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் ஒருவர் கேமராவின் முன் நின்றிருக்கிறார். அவர் வீட்டுக்கு வருமானம் கொண்டுவந்த வேலை அது. நம் வீடுகளுக்குள் அது கொண்டுவந்தது வேறு.

மைசூரில் இதைப் பேசுவதற்குக் காரணம் உண்டு. கர்னாட் இந்த ஊர்க்காரர் அல்லர். 1938 மே 19 அன்று மாதேரானில் பிறந்தவர். சிர்சியில் யட்சகானமும் நாடகக் கம்பெனிகளும் பார்த்து வளர்ந்து, தார்வாடில் படித்து, ரோட்ஸ் உதவித்தொகையில் ஆக்ஸ்ஃபோர்டு போனவர். 1963இல் அங்கே மாணவர் மன்றமான ஆக்ஸ்ஃபோர்டு யூனியனின் தலைவராகவும் இருந்தார். ஆனால் நடிகராக அவரை உருவாக்கிய பாத்திரங்களை எழுதியவர்கள் மைசூரோடு பின்னிப் பிணைந்தவர்கள். 'சம்ஸ்காரா'வை எழுதிய யு. ஆர். அனந்தமூர்த்தி மைசூர்ப் பல்கலைக்கழகத்தில் ஆங்கிலம் கற்பித்தவர். 'வம்சவிருட்ச'த்தின் எஸ். எல். பைரப்பா இந்த ஊரில் வாழ்ந்தவர். அந்த நாவலே நஞ்சன்கூட்டிலும் மைசூரிலும் நடப்பது. மால்குடியை எழுதிய ஆர். கே. நாராயணன் சென்னையில் பிறந்த தமிழர். மகாராஜா கல்லூரியில் படித்து, யாதவகிரியில் வீடு கட்டி, இங்கேயே நாவல்களை எழுதியவர். அந்த வீடு 2016இல் அருங்காட்சியகமாகத் திறக்கப்பட்டது.

இன்னொரு ஊரும் இந்தக் கதையில் உண்டு: சென்னை. 1963 முதல் 1970 வரை கர்னாட் அங்கே ஆக்ஸ்ஃபோர்டு யுனிவர்சிட்டி பிரஸ் பதிப்பகத்தில் வேலை பார்த்தார். மாலை நேரங்களில் மெட்ராஸ் பிளேயர்ஸ் நாடகக் குழு. ஆங்கில நாடகம் போடும் அந்தச் சின்ன வட்டத்தில்தான் கன்னட சினிமாவைத் திருப்பிப்போட்ட படம் ஒன்று உருவானது என்பதைத் தமிழர்களாகிய நாம் பெருமையோடு சொல்லிக்கொள்ளலாம். 'சம்ஸ்காரா' (1970) படத்தை இயக்கியவர் பட்டாபிராம ரெட்டி, தெலுங்குக் கவிஞர். சந்திரியாக நடித்தவர் அவர் மனைவி சிநேகலதா. ஒளிப்பதிவு டாம் கவன் என்ற ஆஸ்திரேலியர். திரைக்கதை எழுதியதும் பிராணேசாச்சாரியராக நடித்ததும் கர்னாட். தணிக்கைக் குழு முதலில் படத்தைத் தடைசெய்தது. தடை நீங்கி வெளியானபின் அந்த ஆண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருதும் அதற்கே போனது.

பிராணேசாச்சாரியர் சாஸ்திரங்களைக் கரைத்துக் குடித்தவர். ஒரு பிணத்தை யார் எரிப்பது என்ற கேள்விக்கு அவர் படித்த ஏடுகளில் விடை கிடைக்கவில்லை. ஊரே அவர் வாயைப் பார்த்து நிற்கிறது, அவருக்குத் தெரியவில்லை. அதிகாரம் உள்ள மனிதர், உள்ளே ஆட்டம் கண்டிருக்கிறார், ஆனால் வெளியே காட்டிக்கொள்ள முடியாது. கர்னாட் வாழ்நாள் முழுக்க நடித்த நல்ல பாத்திரங்களில் பெரும்பாலானவை இந்த ஒரு மனிதரின் வெவ்வேறு பிறவிகள் என்றே தோன்றுகிறது. ஷியாம் பெனகலின் 'மந்தன்' (1976) படத்தில் குஜராத் கிராமத்துக்குப் பால் கூட்டுறவு அமைக்க வரும் டாக்டர் ராவ் அப்படிப்பட்டவர். படித்தவர், நல்லவர், ஆனால் கிராமம் தன்னை விட்டு நழுவுவதை நின்று பார்க்கிறவர். ஐந்து லட்சம் பால் உற்பத்தியாளர்கள் தலைக்கு இரண்டு ரூபாய் போட்டு எடுத்த படம் அது. லாரி லாரியாக வந்து அவர்களே அதைப் பார்த்தார்கள்.

இடையில் அவர் படங்களை இயக்கவும் செய்தார். 'வம்சவிருட்ச'த்தை 1971இல் பி. வி. காரந்துடன் சேர்ந்து இயக்கி, சிறந்த இயக்கத்துக்கான தேசிய விருதை இருவரும் பகிர்ந்துகொண்டார்கள். மைசூரில் பிறந்த விஷ்ணுவர்தன் திரையில் முதலில் தோன்றியது அதில்தான். அதே காரந்த்தான் 1989இல் இந்த ஊரில் ரங்காயணம் என்ற நாடக அமைப்பைத் தொடங்கினார்.

1978இல் கர்னாட் இயக்கிய 'ஒந்தானொந்து காலதல்லி' படத்தில் ஒரு புதுமுகம் வாளேந்தி நின்றது. ஹொன்னாவரத்துப் பையன், மும்பையில் மராத்தி நாடகம் போட்டுக்கொண்டிருந்தவன், பெயர் சங்கர் நாக். அந்த முதல் படத்துக்கே இந்தியாவின் சர்வதேசத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது பெற்றான். எட்டு ஆண்டுகள் கழித்து அதே சங்கர் நாக் மால்குடியை இயக்க உட்கார்ந்தபோது, தனக்கு முதல் வாய்ப்புத் தந்தவரை நடிகராக அழைத்தார். சுவாமியின் அப்பா வேடத்துக்கு. வயதில் பதினாறு ஆண்டு இளையவர் சொல்கிறபடி நிற்க, நடக்க, திரும்பக் கர்னாட் ஒப்புக்கொண்டார். அப்போது அவர் பூனா திரைப்படக் கல்லூரியின் இயக்குநராக இருந்து முடித்திருந்தவர், 'துக்ளக்'கின் ஆசிரியர். அந்த ஒப்புதலில் ஒரு நடிகரின் முதல் தகுதி இருக்கிறது.

படப்பிடிப்பு பெரும்பாலும் ஷிவமொக்கா மாவட்டத்து ஆகும்பேயில் நடந்தது. மழைக்குப் பேர்போன ஊர். மைசூரையும் கோயம்புத்தூரையும் தேடிப்போய் மால்குடி இதுதானா என்று விசாரித்த வாசகர்களுக்கு, மலைநாட்டில் ஒரு தெருவைக் காட்டி இதுதான் என்றார் சங்கர் நாக். கலை இயக்குநர் ஜான் தேவராஜ் அதை மால்குடியாக்கினார். முதல் 13 பகுதிகள் இந்தியிலும் ஆங்கிலத்திலும் எடுக்கப்பட்டன. நடிகர்கள் ஒரே காட்சியை இரண்டு மொழியில் நடிக்க வேண்டும். கொங்கணி வீட்டு மொழி, கன்னடம் எழுத்து மொழி, மராத்தி சிறுவயது மொழி என்று வளர்ந்த கர்னாடுக்கு மொழி மாறுவது சுமையாக இருந்திருக்காது.

சுவாமியின் அப்பா வேடம் எவ்வளவு சிக்கலானது என்பதைக் கதையைப் படித்தவர்கள் அறிவார்கள். வக்கீல். கோடை விடுமுறையில் மகனைப் பிடித்து உட்காரவைத்துக் கணக்குப் போடச் சொல்கிறார். ராமனிடம் பத்து மாம்பழம் இருக்கிறது, பதினைந்து அணாவுக்கு விற்க நினைக்கிறான், கிருஷ்ணனுக்கு நான்கு போதும், என்ன கொடுக்க வேண்டும்? பையனுக்குப் பழம் கனிந்ததா காயா என்று தெரியாமல் கணக்கு நகராது. இந்தக் காட்சியில் அப்பாவைக் கொடுமைக்காரராக்கினால் சிரிப்பு செத்துவிடும். கோமாளியாக்கினால் பையனின் பயம் பொய்யாகிவிடும். கர்னாட் இரண்டு பக்கமும் சாயவில்லை. அவர் குரலை உயர்த்த வேண்டியதே இல்லை. அந்தக் குரலின் கனமே பையனுக்குப் போதும். பார்க்கிற பெரியவர்களுக்கோ, இந்த மனிதர் மகன்மேல் உயிரையே வைத்திருக்கிறார், ஆனால் அதைச் சொல்ல இவருக்குத் தெரிந்த ஒரே வழி கணக்கு என்று புரிந்துவிடுகிறது.

'ஒரு வீரன்' கதையும் இப்படித்தான். புலியோடு போராடிய சிறுவனைப் பற்றிச் செய்தித்தாளில் படித்த அப்பா, தைரியம் இருந்தால் அலுவலக அறையில் தனியாகப் படு என்கிறார். இரவில் பையன் பயத்தில் எதையோ பிடித்துக் கடிக்க, அது திருடனின் கால். ஊரே கொண்டாடுகிறது. அடுத்த நாள் இரவு அவன் மறுபடி பாட்டியின் பக்கத்தில் படுத்துக்கொள்கிறான். அப்பா தோற்றுப்போகிறார். நம் அப்பாக்கள் தோற்றதை நாம் பார்த்தது குறைவு. பார்த்திருந்தாலும் அவர்கள் முகத்தைக் கவனிக்கும் வயது அப்போது நமக்கு இல்லை. சின்னத்திரை அந்த முகத்தை இரண்டு முழம் தூரத்தில் கொண்டுவந்து வைத்தது. அம்மாவாக நடித்த வைசாலி காசரவள்ளியும் இதே அளவு நினைக்கப்பட வேண்டியவர். அவர் பின்னால் தாமே தொலைக்காட்சித் தொடர்கள் இயக்கினார், 'தாயி சாஹேபா' படத்தின் ஆடை வடிவமைப்புக்குத் தேசிய விருது பெற்றார், 2010இல் மறைந்தார்.

நாராயணனுக்குத் திரையோடு நல்ல அனுபவம் இருந்ததில்லை. 'கைடு' இந்திப் படம் தன் நாவலை எப்படி வழிதவறச் செய்தது என்று தனிக் கட்டுரையே எழுதினார். தன் தம்பி லட்சுமணின் கோடுகளோடு வந்த மால்குடித் தொடர் அவருக்கு மனநிறைவு தந்தது. எழுத்தாளரின் உலகத்தைக் கெடுக்காமல் உள்ளே வாழத் தெரிந்த நடிகர்கள் அதற்கு முதல் காரணம் என்பேன்.

சினிமா கர்னாடை எப்படிப் பயன்படுத்தியது என்பதைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் இது இன்னும் தெளிவாகும். அதே 1986இல் தமிழில் 'நான் அடிமை இல்லை' வந்தது. அதில் கர்னாட் ஸ்ரீதேவியின் பணக்கார அப்பா. 1994இல் 'காதலன்': நக்மாவின் அப்பா, வில்லத்தனம் செய்யும் ஆளுநர் காகர்லா. 1997இல் 'மின்சார கனவு': கஜோலின் அப்பா. 2000இல் 'ஹே ராம்': மைதிலியின் அப்பா உப்பிலி ஐயங்கார். தமிழ்ச் சினிமா கர்னாடைக் கதாநாயகியின் அப்பாவாகவே பார்த்திருக்கிறது. படித்த களை, வெளுத்த தாடி, வசதியான வீடு. 'காதலன்' வேடத்தை அவர் விரும்பிச் செய்தது தெரிகிறது. மற்றவற்றில் பெரும்பாலும் அந்த முகமே போதும் என்று இயக்குநர்கள் விட்டுவிட்டார்கள். தமிழகத்தின் பட்டிதொட்டியெல்லாம் அவர் முகத்தை அறிந்தது. அவர் யார் என்று அறிந்தவர்கள் கொஞ்சம் பேர்தான்.

தொலைக்காட்சியில் அவர் வேறு வேலைகளும் செய்தார். 1989இல் 'இந்திரதனுஷ்' என்ற சிறுவர் அறிவியல் தொடரில் மறுபடியும் ஒரு அப்பா. பிறகு 'டர்னிங் பாயின்ட்' என்ற அறிவியல் நிகழ்ச்சியின் தொகுப்பாளர். பேராசிரியர் யஷ்பால் நேயர்களின் கேள்விகளுக்குப் பதில் சொன்ன நிகழ்ச்சி அது. கணிதம் படித்துப் பட்டம் பெற்ற ஒரு நாடகக்காரர் அறிவியலை வீட்டுக்குள் கொண்டுவந்ததில் பொருத்தம் இருந்தது. அப்துல் கலாமின் சுயசரிதை ஒலிநூலாக வந்தபோது அதைப் படித்த குரலும் அவருடையதே.

அவர் தொலைக்காட்சியைப் பற்றி யோசிக்காமலேயே அதில் நடித்துவிட்டுப் போனார் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. 'ஒடகலு பிம்ப' என்ற அவருடைய நாடகம் முழுக்க ஒரு தொலைக்காட்சி ஸ்டூடியோவுக்குள் நடக்கிறது. கன்னட எழுத்தாளரான மஞ்சுளா ஆங்கிலத்தில் ஒரு நாவல் எழுதி உலகப் புகழ் பெற்றுவிடுகிறார். கேமராவைப் பார்த்துப் பேசி முடித்து எழுந்திருக்கும்போது, திரையில் இருக்கும் அவருடைய பிம்பம் அணைய மறுக்கிறது. அது அவரையே கேள்வி கேட்கத் தொடங்குகிறது. ஒவ்வொரு பொய்யாக உரிக்கிறது. ஒரே நடிகை, ஒரு திரை. 2005இல் பெங்களூரின் ரங்கசங்கரா அரங்கில் அருந்ததி நாக் அதில் நடித்தார். அந்த அரங்கே சங்கர் நாக்கின் நினைவாக அவர் மனைவி அருந்ததி கட்டியெழுப்பியது. சங்கர் நாக் 1990 செப்டம்பர் 30 அன்று தாவணகெரே அருகே சாலை விபத்தில் இறந்துபோயிருந்தார், முப்பத்தாறு வயதுகூட நிறையாமல். திரையில் தெரிகிற தன் முகத்தை ஒரு நடிகர் எவ்வளவு அஞ்ச வேண்டும் என்பதை உள்ளிருந்து அறிந்தவரால்தான் இந்த நாடகத்தை எழுதியிருக்க முடியும்.

மைசூரில் தொலைக்காட்சியைப் பற்றிப் பேசுகிறவர் 1989 பிப்ரவரி 8ஐக் கடந்து போக முடியாது. 'தி ஸ்வோர்ட் ஆஃப் திப்பு சுல்தான்' தொடரின் படப்பிடிப்பு நடந்த பிரீமியர் ஸ்டூடியோவில் தீப்பிடித்து 62 பேர் இறந்தார்கள். தொடரின் நாயகனும் இயக்குநருமான சஞ்சய் கான் உடல் கருகி, மாதக்கணக்கில் மருத்துவமனையில் கிடந்தார். தொடர் பிறகு முடிக்கப்பட்டு ஒளிபரப்பானது, ஞாயிற்றுக்கிழமை வீடுகள் நிறைந்தன. இறந்தவர்களின் பெயர்களை அந்த வீடுகள் அறியவில்லை. திரையின் ஓரத்தில் நிற்கிறவர்களும் விளக்குப் பிடிக்கிறவர்களும் சேர்ந்து உருவாக்கியதுதான் தொலைக்காட்சி என்பதை இந்த ஊர் மறந்துவிடக் கூடாது. கர்னாடும் பின்னாளில் திப்புவிடம் வந்தார். பி.பி.சி. வானொலிக்காக அவர் எழுதிய 'திப்பு சுல்தானின் கனவுகள்' நாடகம், ஸ்ரீரங்கப்பட்டணத்து அரசன் தன் கைப்பட எழுதிவைத்த கனவுக் குறிப்புகளிலிருந்து பிறந்தது.

பிற வேலைகளிலிருந்து சின்னத்திரை நடிப்புக்கு வந்த கர்னாடின் இந்த மரபுக்குத் தமிழகத்திலும் பக்கத்து உதாரணங்கள் உண்டு. பூர்ணம் விஸ்வநாதன் வானொலியில் செய்தி வாசித்தவர், மேடைக்காரர். அந்தக் குரலோடுதான் திரைக்கும் சின்னத்திரைக்கும் வந்தார். டெல்லி கணேஷ் 1964 முதல் பத்தாண்டு விமானப்படையில் இருந்தார். தில்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தார். 1977இல் 'பட்டினப் பிரவேசம்' மூலம் பாலசந்தர் அவரைச் சினிமாவுக்குக் கொண்டுவந்தார். நானூறுக்கு மேற்பட்ட படங்கள், கூடவே தொடர்கள். 2024 நவம்பரில் காலமானார். மாரிமுத்துவின் கதை இன்னும் கூர்மையானது. 'கண்ணும் கண்ணும்', 'புலிவால்' படங்களை இயக்கியவர். அந்தப் படங்கள் தராத புகழை 'எதிர்நீச்சல்' தொடரின் ஆதி குணசேகரன் தந்தான். வீட்டுப் பெண்களை அடக்கி ஆளும் அந்த மனிதரைத் தமிழ்நாடு வெறுத்தது, அதே நேரம் அவரைப் பார்க்கத் தவறவில்லை. 2023 செப்டம்பர் 8 அன்று டப்பிங் பேசிக்கொண்டிருந்தபோது நெஞ்சுவலி வந்து இறந்தார். மறுநாள் செய்திகளில் அவர் பெயரைவிடப் பாத்திரத்தின் பெயரே பெரிதாக ஒலித்தது.

கர்னாடின் கடைசி ஆண்டுகளில் நுரையீரல் நோய். மூக்கில் பிராணவாயுக் குழாயோடுதான் கூட்டங்களுக்கு வந்தார். பத்திரிகையாளர் கௌரி லங்கேஷ் கொல்லப்பட்டு ஓராண்டு நிறைந்த நாளன்று நடந்த கூட்டத்துக்கும் அப்படித்தான் வந்து கழுத்தில் எதிர்ப்பு அட்டை ஒன்றை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தார். 2017இல் வந்த 'டைகர் ஜிந்தா ஹை' இந்திப் படத்தில் உளவுத்துறைத் தலைவராக அதே குழாயோடு தோன்றினார். நோயை மறைக்க முயலவில்லை. வயதான அந்த அதிகாரிக்குக் குழாயும் சேர்ந்தே முகமாகிவிட்டது. பிராணேசாச்சாரியரில் தொடங்கிய அந்த உள்ளே தளரும் அதிகாரம், நாற்பத்தேழு ஆண்டுகள் கழித்து உடம்பிலேயே தெரிந்தது. 2019 ஜூன் 10 அன்று பெங்களூரில் காலமானார். அவர் விருப்பப்படி அரசு மரியாதையும் இல்லை, சடங்குகளும் இல்லை.

அவருடைய நாடகங்கள் அச்சில் இருக்கின்றன. 'மந்தன்' படம் புதுப்பிக்கப்பட்டு 2024இல் கான் விழாவில் காட்டப்பட்டது. தொலைக்காட்சி வேலைக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. வீடியோ நாடாவை அழித்து மறுபடி பயன்படுத்தலாம் என்பதாலேயே உலகெங்கும் நிலையங்கள் அழித்தன; பி.பி.சி.யே 'டாக்டர் ஹூ' தொடரின் பல பகுதிகளை இப்படி இழந்து, இன்னும் தேடிக்கொண்டிருக்கிறது. மால்குடி பிழைத்துக்கொண்டது, மக்கள் அதை விடவில்லை என்பதால். பிழைக்காத தொடர்களில் நடித்தவர்களின் உழைப்பு எங்கே போய்ப் பார்ப்பது?

ஆகும்பேயில் அந்தத் தொடருக்கு வீடு கொடுத்தவர்களும், கூட்டத்தில் நின்றவர்களும், சின்ன வேடம் போட்டவர்களும் இன்னும் இருக்கிறார்கள். ஷிவமொக்கா மாவட்டத்து அரசாளு ரயில் நிலையம் மால்குடி அருங்காட்சியகமாகியிருக்கிறது. மைசூரில் பல்கலைக்கழகம் இருக்கிறது, ரங்காயணம் இருக்கிறது, ஆகாசவாணி என்ற பெயரையே நாட்டுக்குத் தந்த வானொலி நிலையம் இருக்கிறது. கன்னடத்திலும் தமிழிலும் தொடர்களில் நடித்து வயதான குணச்சித்திர நடிகர்கள் பலர் இந்த ஊரிலும் சுற்றுவட்டாரத்திலும் வாழ்கிறார்கள். அவர்களைத் தேடிப்போய், எந்த வேடத்தை எப்படிச் செய்தார்கள், ஒரு நாளுக்கு என்ன சம்பளம் வாங்கினார்கள், எந்தக் காட்சி கைகூடவில்லை என்று கேட்டுப் பதிவுசெய்ய வேண்டும். இந்த அறக்கட்டளையும் இங்கே வந்திருக்கும் மாணவர்களும் அந்த வேலையை இந்த ஆண்டே தொடங்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.